ஃபிஸ்கே சுப்பாராவ் ஒரே ஆளா?

சென்ற இதழில் கர்ப்பிணிகளுக்குத் தரும் ஃபோலிக் அமில மாத்திரை பற்றி ஒரு வாசகி கேட்டிருந்தார். பதிலின் நடுவே, "இதைச் செயற்கையாகத் தயாரிக்க வழி கண்ட குழுவுக்குத் தலைவர் நம்ம எல்லாப்பிரகட சுப்பாராவ்" என்று ஒரு வரி எழுதிவிட்டு நகர்ந்துவிட்டேன். அந்த ஒரு வரிக்கு வந்த கடிதங்கள் மாத்திரைக்கு வரவில்லை. மருத்துவக் கல்லூரி உயிர்வேதியியல் லேபில் முப்பத்தொரு வருஷம் டெமான்ஸ்ட்ரேட்டராக நின்றே காலம் தள்ளியவள் நான். கூடப் பிறந்தவர்கள் பெயரைவிட இவர் பெயரை அதிக முறை உச்சரித்திருப்பேன். சரி, இந்த இதழ் முழுக்க அவருக்கே.

பிளஸ் டூ மாணவி, தேனி: ஏ.டி.பி. பற்றிப் படித்துக்கொண்டிருக்கிறேன். அதைக் கண்டுபிடித்தவர்களில் ஒருவர் இந்தியர் என்கிறீர்கள். யார் அவர்?

சுப்பாராவ்தான். ஏ.டி.பி. என்றால் உடம்பு சக்திக்குச் செலவழிக்கிற பொருள், அது மற்றவர்களுக்கு. இவர் 1895 ஜனவரி 12-ம் தேதி பீமவரத்தில் பிறந்தவர். இன்று அது ஆந்திரா, அன்று மதராஸ் மாகாணம். படிப்பில் புலி என்று நினைத்துவிடாதே. பதின்மூன்று வயதில், காசிக்குப் போய் யாத்ரீகர்களுக்கு வாழைப்பழம் விற்றுப் பணக்காரனாகலாம் என்று வீட்டைவிட்டு ஓடப் பார்த்த பையன். அம்மா வெங்கம்மா பிடித்து இழுத்து வந்து பள்ளிக்கூடத்தில் உட்கார வைத்தார். மெட்ரிகுலேஷன் மூன்றாவது தடவையில்தான் தேறியது. அதுவும் எங்கே? திருவல்லிக்கேணி இந்து உயர்நிலைப் பள்ளியில்.

அப்புறம் மாநிலக் கல்லூரி. அங்கே படிக்கும்போது ராமகிருஷ்ண மடத்தில் சேர்ந்து சாமியாராகிவிட ஆசை. அம்மா ஒப்பவில்லை. மடத்திலும், "முதலில் வைத்தியம் படி, அதுவும் சேவைதான்" என்று திருப்பி அனுப்பினார்கள். சென்னை மருத்துவக் கல்லூரியில் சேர்ந்தார். காந்தி அழைப்பு விடுத்த நேரம் அது. ஆபரேஷன் தியேட்டருக்குக் கதராடையில் போய் நின்றார். அறுவை சிகிச்சைப் பேராசிரியர் வெள்ளைக்காரர், அவருக்குப் பிடிக்கவில்லை. மற்ற பேப்பர்களெல்லாம் நன்றாக எழுதியும் எம்.பி.பி.எஸ். கிடைக்காமல், ஒரு படி கீழே எல்.எம்.எஸ். என்ற பட்டத்தோடு வெளியே வந்தார். மதராஸ் அரசு மருத்துவப் பணியில் இடம் கிடைக்கவில்லை. டாக்டர் லட்சுமிபதியின் ஆயுர்வேதக் கல்லூரியில் உடற்கூறு வாத்தியார் ஆனார்.

1922 அக்டோபரில் பாஸ்டனில் போய் இறங்கினார். செலவுக்கு மாமனாரும் காக்கிநாடாவில் ஓர் அறக்கட்டளையும் கொடுத்த பணம். ஹார்வர்டில் வெப்பமண்டல நோய்களுக்கான டிப்ளமோ படிப்பு. பகலில் படிப்பு, ராத்திரியில் ஆஸ்பத்திரியில் நோயாளிகளின் மலச்சட்டி கழுவும் வேலை. வைத்தியம் படித்துப் பட்டம் வாங்கியவர் செய்த வேலை இது. பிறகு அங்கேயே சைரஸ் ஃபிஸ்கே என்பவரின் உயிர்வேதியியல் லேபில் இடம் கிடைத்தது. மீதியைக் கீழே மற்றவர்கள் கேட்டிருக்கிறார்கள், படி.

ஒரு வாசகர், விருதுநகர்: சுப்பாராவ் தமிழரா, தெலுங்கரா?

தெலுங்கர். படித்தது மதராஸில். இதற்காக இரண்டு மாநிலமும் சண்டை போட வேண்டாம். உயிரோடு இருந்தபோது நிரந்தர வேலை கொடுத்து அவரை வைத்துக்கொள்ள ஹார்வர்டுக்கே மனமில்லை.

மருத்துவக் கல்லூரி முதலாண்டு மாணவர், மதுரை: 'ஃபிஸ்கே–சுப்பாராவ் மெத்தட்' பிராக்டிகலில் செய்தோம். ரெக்கார்டு எழுதியாயிற்று. ஆனால் அதில் அப்படி என்ன பெருமை என்று புரியவில்லை, மேடம்.

புரியாதது உன் குற்றமில்லை. புரிகிற மாதிரி நாங்கள் சொல்லித்தரவில்லை.

மற்றவர்களுக்காக முதலில் அந்தச் சோதனையைச் சொல்லிவிடுகிறேன். ரத்தத்தில் பாஸ்பேட் எவ்வளவு இருக்கிறது என்று பார்க்க வேண்டும். ரத்தம் உறைந்தபின் மேலே தெளிந்து நிற்கும் நீர்தான் சீரம். அந்தச் சீரத்தில் டி.சி.ஏ. என்ற அமிலத்தை ஊற்றினால் புரதமெல்லாம் தயிர் திரிந்த மாதிரி திரண்டு கீழே போய்விடும். வடிகட்டினால் தெளிந்த நீர். அதில் அமிலத்தில் கரைத்த அம்மோனியம் மாலிப்டேட் ஒரு மில்லி. பாஸ்பேட் போய் மாலிப்டேட்டோடு ஒட்டிக்கொள்ளும். இதுவரை கண்ணுக்கு ஒன்றும் தெரியாது. அப்புறம் 'அன்சா' என்று நாங்கள் கூப்பிடுகிற ரீஏஜென்டில் சில துளி. மெல்ல ஒரு நீலம் கிளம்பும். புதுத் துணிக்குப் போடும் சொட்டு நீலம் இருக்கிறதே, அதைத் தண்ணீரில் ஒரு துளி விட்டால் வருமே, அந்த நீலம். பாஸ்பேட் கூடினால் நீலம் கூடும். ஐந்து நிமிஷம் பொறுத்து, நிறத்தின் அடர்த்தியை அளக்கும் கலரிமீட்டரில் வைத்துப் படித்தால் கணக்கு வந்துவிடும். நல்ல ஆரோக்கியமான பெரியவருக்கு 100 மில்லி சீரத்தில் 2.5 முதல் 4.5 மில்லிகிராம் பாஸ்பரஸ். அவ்வளவுதான்.

1925-ல் ஃபிஸ்கேயும் சுப்பாராவும் இதை வெளியிட்டார்கள். கொஞ்சம் ரத்தத்தில், கொஞ்ச நேரத்தில், நம்பகமான எண். உலகம் முழுக்க லேப்களில் பரவியது.

இதன் குணம் என்னவென்றால், கொஞ்சம் அழுக்கு இருந்தாலும் காட்டிக்கொடுத்துவிடும். எனக்கு அதில் ஒரு மறக்க முடியாத அனுபவம். வேலைக்குச் சேர்ந்து இரண்டாவது வருஷம், பல்கலைக்கழகப் பிராக்டிகல் பரீட்சை. டியூபெல்லாம் பளபளப்பாக இருக்க வேண்டும் என்று முந்தின நாள் நானே கடைக்குப் போய்த் துணி துவைக்கும் பவுடர் வாங்கிவந்து ஊறப்போட்டுக் கழுவ வைத்தேன். காலையில் பையன்கள் சோதனையை ஆரம்பித்தார்கள். நோயாளியின் டியூப் நீலம். அளவு தெரிந்த பாஸ்பேட் போட்ட ஸ்டாண்டர்டு நீலம். ரீஏஜென்ட் தவிர பாஸ்பேட்டே சேர்க்காத பிளாங்க் இருக்கிறதே, அது எல்லாவற்றையும்விட அருமையான நீலம்! பவுடரில் பாஸ்பேட் இருந்திருக்கிறது. வெளியூர் எக்ஸாமினர் ஒரு டியூபைத் தூக்கி வெளிச்சத்தில் பார்த்துவிட்டு, "இந்தக் காலேஜில் தண்ணீருக்கே எலும்பு இருக்கிறதா?" என்று கேட்டார். எலும்பில்தானே பாஸ்பேட் குவிந்திருக்கும். அறுபது டியூபையும் அமிலத்தில் கழுவி, காய்ச்சி வடித்த தண்ணீரில் அலசி, மத்தியானத்துக்கு மேல் பரீட்சையை மறுபடி ஆரம்பித்தோம். அன்றிலிருந்து பாஸ்பரஸ் டியூபுக்குத் தனி ஸ்டாண்டு, தனி டிரே. சோப்பு கிட்டேயே வராது.

இப்போது பெருமைக்கு வருகிறேன். இந்த முறையைத் தசைச் சாறில் செய்து பார்த்தபோது ஒரு வினோதம். ஐந்து நிமிஷத்தில் நீலம் முழுசாக வந்து நின்றுவிட வேண்டும். நிற்கவில்லை. பத்து நிமிஷம், பதினைந்து நிமிஷம் என்று கருத்துக்கொண்டே போனது. நானாக இருந்தால் "ரீஏஜென்ட் பழசு" என்று எழுதிவிட்டு டியூபைக் கவிழ்த்திருப்பேன். பொய் சொல்லவில்லை, அப்படிச் செய்தும் இருக்கிறேன். அவர்கள் ஏன் என்று பார்த்தார்கள். தசையில் ஏதோ ஒரு பொருளில் பாஸ்பேட் லேசாக ஒட்டிக்கொண்டிருக்கிறது. அமிலமும் மாலிப்டேட்டும் பட்டதும் மெல்ல உடைந்து பாஸ்பேட்டை விடுகிறது. விட விட நீலம் ஏறுகிறது. பாஸ்பேட் எவ்வளவு விடுபடுகிறதோ, கணக்குக்கு அதே அளவு கிரியேட்டின் என்ற தசைப் பொருளும் கிடைத்தது. ஆக இரண்டும் கைகோத்திருந்த ஒரே பொருள். அதுதான் பாஸ்போகிரியேட்டின், 1927. இங்கிலாந்தில் எகிள்டன் தம்பதியும் அதே சமயத்தில் தனியாக அதை எட்டினார்கள்.

தசை சுருங்க வேண்டிய சக்தி லாக்டிக் அமிலத்திலிருந்து வருகிறது என்று அதுவரை எல்லோரும் நம்பினார்கள். அந்தத் துறைக்கு 1922-ம் வருஷத்து நோபலே கொடுத்தாயிற்று. அந்த நம்பிக்கை இங்கே ஆட்டம் கண்டது. இரண்டே வருஷத்தில், 1929-ல், அதே தசையிலிருந்து ஏ.டி.பி. அதை ஜெர்மனியில் கார்ல் லோமனும் அதே ஆண்டு கண்டுபிடித்தார். நீ இப்போது இந்தப் பக்கத்தைத் திருப்புகிறாயே, அதற்கு விரல் செலவழிக்கும் சில்லறைக்காசு ஏ.டி.பி. காசு தீர்ந்தால் சட்டென்று நிரப்பும் சுருக்குப்பைதான் பாஸ்போகிரியேட்டின்.

நீலம் நிற்காமல் ஏறியதைப் பார்த்த கண்ணுக்குத்தான் பெருமை, தம்பி. ரெக்கார்டில் அதற்கு ஒரு கட்டம் கிடையாது.

ஒரு மகள், ஈரோடு: அம்மாவுக்கு முடக்குவாதம். டாக்டர் வாரம் ஒரு நாள் மீத்தோட்ரெக்ஸேட், வேறு நாளில் ஃபோலிக் அமிலம் எழுதியிருக்கிறார். பக்கத்து வீட்டு அக்கா, "அது புற்றுநோய் மாத்திரை ஆச்சே" என்று பயமுறுத்துகிறார். இன்னொருவர், "ஒன்று மற்றதற்கு எதிர்மருந்து, எதற்கு இரண்டும்?" என்கிறார். யார் சொல்வது சரி?

இருவர் சொன்னதும் பாதி சரி. கடிதத்தைப் படித்ததும் எனக்கு ஒரு சந்தோஷம், அம்மாவின் வலிக்காக அல்ல. அந்தச் சீட்டில் இருக்கிற இரண்டு மாத்திரைக்கும் ஊற்றுக்கண் ஒரே லேப், ஒரே தலைவர்.

1940-ல் சுப்பாராவ் ஹார்வர்டைவிட்டு நியூயார்க் பக்கம் பேர்ல் ரிவர் என்ற ஊரில் இருந்த லெடர்லி மருந்துக் கம்பெனி ஆய்வகத்துக்குப் போனார். கொஞ்ச நாளில் ஆராய்ச்சி முழுவதற்கும் இயக்குநர். ஃபோலிக் அமிலம் என்ற பொருள் உண்டு என்று தெரியும், ஆனால் இயற்கையில் தூசு மாதிரிதான் கிடைக்கும். 1941-ல் டெக்சாஸில் ஒரு குழு நாலு டன் பசலைக்கீரையை அரைத்துத்தான் துளியூண்டு எடுத்தது. இலை என்பதற்கான லத்தீன் சொல்லிலிருந்துதான் அந்தப் பெயரே. லெடர்லி குழு 1945-ல் அதைச் செயற்கையாகத் தயாரித்துக்காட்டியது. அதன் பிறகுதான் கீரை மூட்டை இல்லாமல் மாத்திரை.

ரத்த அணு புதிதாகப் பிறக்க ஃபோலிக் அமிலம் வேண்டும். ரத்தப் புற்றில் கெட்ட அணுக்களும் அப்படித்தான் பெருகுகின்றன. அப்போ அச்சு அசலாக ஃபோலிக் அமிலம் மாதிரியே இருந்து ஏமாற்றுகிற போலி ஒன்றைக் கொடுத்தால்? பூட்டுக்குள் நுழையும், ஆனால் திறக்காது, அடைத்துக்கொண்டு நிற்கும். அப்படி லெடர்லியில் செய்ததுதான் அமினாப்டெரின். பாஸ்டன் குழந்தைகள் மருத்துவமனையில் சிட்னி ஃபார்பர் அதை ரத்தப் புற்று வந்த 16 குழந்தைகளுக்குக் கொடுத்தார். பத்துப் பேருக்கு நோய் சில காலம் பின்வாங்கியது. 1948 ஜூனில் அது வெளியானது. நிரந்தரக் குணமில்லை, ஆனால் மருந்தால் அந்த நோயை ஓர் அங்குலமாவது பின்னுக்குத் தள்ளலாம் என்று அன்றுதான் தெரிந்தது. அதன் தம்பிதான் மீத்தோட்ரெக்ஸேட்.

அம்மாவுக்குத் தருவது புற்றுநோய் அளவு அல்ல. மூட்டைத் தாக்கும் நோய் எதிர்ப்பு அணுக்களை அடக்கி வைக்கத் தேவையான சின்ன அளவு. போலி மாத்திரை கொஞ்சம் நல்ல அணுக்களையும் பட்டினி போடும். வாய்ப்புண், குமட்டல், கல்லீரல் எண்கள் ஏறுவது அதனால்தான். அந்தப் பட்டினிக்கு ஒரு வாய்ச் சோறு ஃபோலிக் அமிலம். சண்டை இல்லை, சமாதானம். எந்த நாள் எது என்று டாக்டர் எழுதியபடியே நடக்கட்டும்.

ஒன்றே ஒன்றைப் பெரிய எழுத்தில் எழுதி ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டுங்கள்: மீத்தோட்ரெக்ஸேட் வாரம் ஒரே நாள். தினமும் அல்ல. புதன்கிழமை என்றால் புதன் மட்டும். மற்ற மாத்திரைகளோடு தினசரி டப்பாவில் போட்டு, தினமும் விழுங்கி, வாயெல்லாம் வெந்து, ரத்த அணுக்கள் அடியோடு இறங்கி ஐ.சி.யூ.வுக்கு வந்தவர்களின் ரத்தம் எங்கள் லேபுக்கு வந்திருக்கிறது. வயசானவர்கள், கண் சரியாகத் தெரியாதவர்கள் என்றால் வீட்டில் வேறு ஒருவர் பொறுப்பெடுக்க வேண்டும். வேறு எதற்காவது ஆன்டிபயாட்டிக் எழுதப்போகும் டாக்டரிடம் முதல் வார்த்தையாக இதைச் சொல்லுங்கள். ட்ரைமெத்தோபிரிம் கலந்த மாத்திரை இதோடு சேரவே கூடாது. சொன்ன நாளில் ரத்தப் பரிசோதனை. கர்ப்பம் தரிக்க இருக்கும் பெண்கள் இதை எடுக்கக் கூடாது.

பக்கத்து வீட்டு அக்காவிடம், "ஆமா, அதே மாத்திரைதான், அளவுதான் வேறே" என்று சொல்லுங்கள்.

வாசகர், கும்பகோணம்: யானைக்கால் மாத்திரைக்கும் அவர்தான் காரணம் என்று படித்தேன். உண்மையா? நோயே இல்லாதவர்கள் அதை ஏன் விழுங்க வேண்டும்?

கும்பகோணத்திலிருந்து இந்தக் கேள்வி வராவிட்டால்தான் ஆச்சரியம். உண்மைதான். டி.இ.சி. என்று வீடு வீடாகக் கொடுப்பார்களே, டைஎத்தில்கார்பமசைன், அது 1947-ல் லெடர்லியில் சுப்பாராவ் காலத்தில் வந்தது. பருத்தி எலி என்று ஓர் எலி உண்டு, அதன் உடம்பிலும் ஃபைலேரியா என்ற யானைக்கால் புழு இனத்தில் ஒன்று வாழும். அந்த எலிகளில் ஒவ்வொரு ரசாயனமாகக் கொடுத்துப் பார்த்துச் சலித்தெடுத்தார்கள்.

எங்கள் அண்ணன் ஃபைலேரியா பிரிவில் லேப் டெக்னீஷியன். ஊரெல்லாம் வேலை முடிந்து வீடு திரும்பும் நேரத்தில் இவர் டார்ச் எடுத்துக்கொண்டு கிளம்புவார். ராத்திரி எட்டு மணிக்கு மேல் கதவைத் தட்டி, தூங்கப் போகிறவர் விரலைக் குத்தினால் யாருக்குத்தான் கோபம் வராது? ஆனால் புழுவின் குஞ்சுகள் பகலில் நுரையீரல் பக்கம் பதுங்கி, நடு ராத்திரியை ஒட்டித்தான் தோல் பக்கத்து ரத்தத்துக்கு வரும். கடிக்கிற கொசுவும் அந்த நேரத்துக் கொசு. இரண்டுக்கும் அப்படி ஓர் ஒப்பந்தம். அண்ணன் ஒருநாள் மைக்ராஸ்கோப்பில் எனக்குக் காட்டினார். சாயம் போடாத ஈர ரத்தம். அதில் ஒரு நூல் துண்டு சாட்டை சொடுக்குகிற மாதிரி துள்ளித் துள்ளிச் சிவப்பணுக்களைத் தள்ளிக்கொண்டு போனது. "இது யாரோடது?" என்று கேட்டேன். "நேத்து உனக்கு ரிப்பன் வெட்டிக் கொடுத்தாரே, ஜவுளிக்கடைக்காரர், அவரோடது" என்றார். கடைக்காரர் கால் உங்கள் கால், என் கால் மாதிரிதான் இருந்தது. ஒரு வீக்கமும் இல்லை.

உங்கள் இரண்டாவது கேள்விக்குப் பதில் அதுதான். வீக்கம் வர வருஷங்கள் ஆகும். அதற்குள் அவர் ரத்தத்தைக் குடித்த கொசு தெருவுக்கே பரிமாறிவிடும். வீங்கின காலை மாத்திரை பழையபடி ஆக்காது. ரத்தத்தில் மிதக்கும் குஞ்சுகளைத் துடைக்கும். அதனால்தான் எல்லோருக்கும். 2 முதல் 5 வயது வரை 100 மில்லிகிராம், 14 வரை 200, அதற்கு மேல் 300, கூடவே அல்பெண்டசோல் என்ற பூச்சி மாத்திரை. சாப்பிட்ட பிறகு, கொடுப்பவர் முன்னாலேயே. இரண்டு வயதுக்குக் கீழே, கர்ப்பிணிகள், கடும் நோயாளிகள் வேண்டாம். விழுங்கியபின் காய்ச்சலோ தலைவலியோ வந்தால் பெரும்பாலும் புழு சாகிற அமளி அது. ஆனாலும் சுகாதாரப் பணியாளரிடம் சொல்லிவிடுங்கள். ஜன்னல் வழியாக மாத்திரையை வீசுகிறவர்கள் எல்லா ஊரிலும் உண்டு. தெருக்கோழிகளுக்கு யானைக்கால் வராது என்பது மட்டும் உறுதி.

வாட்ஸ்அப் பார்த்துக் கேட்பவர், சென்னை: டெட்ராசைக்ளினையும் அவரே கண்டுபிடித்தாராமே?

டெட்ராசைக்ளின் என்பது ஓர் ஆன்டிபயாட்டிக் குடும்பம். அதில் முதலாவதான ஆரியோமைசினை மண்ணில் இருந்த நுண்ணுயிரிலிருந்து எடுத்தவர் பெஞ்சமின் டக்கர் என்ற தாவரவியல் பேராசிரியர். எழுபது வயதில் ஓய்வு பெற்றவரை லெடர்லி வேலைக்கு எடுத்தது. அந்த ஆராய்ச்சிக்கு மேலே இயக்குநராக இருந்தவர் சுப்பாராவ். அந்தப் பங்கு அவருக்கு உண்டு. டக்கரின் பெயரை அழித்துவிட்டு எழுத வேண்டியதில்லை. பென்சிலினையும் சேர்த்து வந்த செய்தி ஒன்று எனக்கும் வந்தது. அனுப்பியவர் என் மாணவர். பாஸ் போட்டவள் நான்.

ஓய்வுபெற்ற ஆசிரியர், திருநெல்வேலி: இத்தனை செய்தவருக்கு நோபல் ஏன் இல்லை? நிறவெறிதானே?

ஐயா, ஒற்றைக் காரணமாக முடித்துவிட எனக்கு மனமில்லை. ஏ.டி.பி.யை அதே ஆண்டு கண்ட லோமனுக்கும் நோபல் இல்லை. அவர் வெள்ளைக்காரர், மேலே சொன்ன 1922 நோபலில் பங்கு பெற்ற மேயர்ஹாஃபின் லேபில் இருந்தவர். மருந்து விஷயங்களில் காலம் சதி செய்தது. ஃபார்பரின் கட்டுரை ஜூனில் வருகிறது, சுப்பாராவ் ஆகஸ்டில் தூக்கத்திலேயே மாரடைப்பில் போய்விடுகிறார். வயது 53. இறந்தவருக்கு நோபல் கிடையாது.

ஆனால் உங்கள் ஆதங்கத்துக்கு அடிப்படை இல்லாமலும் இல்லை. ஹார்வர்டில் அதே துறையில் அப்போது படித்து, பின்னால் 1988-ல் நோபல் வாங்கிய ஜார்ஜ் ஹிட்சிங்ஸ் வெளிப்படையாகவே சொன்னார்: சுப்பாராவ் பிரித்தெடுத்த சில பொருட்களை ஃபிஸ்கே, பொறாமையால் போலும், வெளியே வரவிடவில்லை, பல வருஷம் கழித்து மற்றவர்கள் மறுபடி கண்டுபிடிக்க வேண்டியிருந்தது என்று. இன்னொன்று, இவரும் மேடை ஏறுகிற ஆள் இல்லை. ஆராய்ச்சிக் கட்டுரைகளில் முன்னால் வருவது பெரும்பாலும் குழுவில் இருந்த மற்றவர்கள் பெயர்தான்.

1995-ல் நூற்றாண்டுக்கு நம் தபால்துறை ஒரு தபால்தலை வெளியிட்டது. ஒரு பூஞ்சைக்கு 'சுப்பாரோமைசெஸ் ஸ்ப்ளெண்டென்ஸ்' என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஸ்ப்ளெண்டென்ஸ் என்றால் ஜொலிப்பது. பூஞ்சைதான், இருந்தாலும் அழகான பெயர்.

ஒரு இல்லத்தரசி, தஞ்சாவூர்: அவர் மனைவி என்ன ஆனார்? யாருமே அதை எழுதுவதில்லையே.

சரியான கேள்வி. அவர் பெயர் சேஷகிரி. இரண்டு மூன்று வருஷத்தில் திரும்பிவிடுவேன் என்று சொல்லிவிட்டுக் கப்பல் ஏறினார் கணவர். அவர் போன பிறகு பிறந்த ஆண் குழந்தை ஒரு வயது நிறைவதற்குள் இறந்துவிட்டது. சுப்பாராவ் இந்தியாவுக்குத் திரும்பவே இல்லை, ஒரு தடவைகூட. இருபத்தாறு வருஷம்.

சுப்பாராவின் அண்ணன், தம்பி இருவரும் ஸ்ப்ரூ என்ற குடல் நோயில் சில நாள் இடைவெளியில் இறந்தவர்கள். வயிறு எதையும் ஏற்காமல் ரத்தம் வற்றிப்போகும் நோய். அதற்கு மருந்து தேட வேண்டும் என்பது அவர் மனசில் விழுந்த முடிச்சு. ஃபோலிக் அமிலம் வந்ததும் ஸ்ப்ரூ நோயாளிகள் அதில் தேறினார்கள். அண்ணன் தம்பிக்குப் பட்ட கடனை அடைத்துவிட்டார் என்று எழுதுகிறவர்கள் உண்டு. சேஷகிரிக்குப் பட்ட கடன் பற்றி நீங்கள்தான் முதலில் கேட்டீர்கள். நான் அந்த மனிதரைக் கும்பிடுகிறவள்தான். ஆனால் இந்த இடத்தில் எனக்கு அவர்மேல் கோபம் உண்டு, அதை மறைப்பதில்லை.

செவிலியர், நாகப்பட்டினம்: ஆரம்ப சுகாதார நிலையத்தில் கர்ப்பிணிகளுக்கு நாங்கள் கொடுக்கும் இரும்பு–ஃபோலிக் அமில சிவப்பு மாத்திரையின் கதையும் இவரிடம்தான் ஆரம்பிக்கிறதா?

இல்லை, அதற்கு முன்னால் ஒரு பெண். லூசி வில்ஸ் என்ற ஆங்கிலேய மருத்துவர் 1928-ல் பம்பாய் வந்தார். மில் தொழிலாளப் பெண்கள் கர்ப்பமாக இருக்கும்போது ஒருவகைக் கடும் சோகை வந்து செத்துக்கொண்டிருந்தார்கள். இரும்பு கொடுத்தாலும் கேட்கவில்லை. ரொட்டியில் தடவுகிற மார்மைட் என்ற ஈஸ்ட் சாறைக் கொடுத்தார், எழுந்து உட்கார்ந்தார்கள். அதில் இருந்த அந்தப் பெயர் தெரியாத சத்துதான் பிற்பாடு ஃபோலிக் அமிலம் ஆனது.

உங்களுக்காக ஒரு தகவல். குன்னூரிலும் வேலை பார்த்த வில்ஸ், 1931 தொடக்கத்தில் திருவல்லிக்கேணி கோஷா ஆஸ்பத்திரியில் இருந்தார். இன்றைய கஸ்தூர்பா காந்தி மருத்துவமனை. சுப்பாராவ் மூன்றாம் தடவை மெட்ரிக் எழுதித் தேறிய பள்ளிக்கூடமும் அதே திருவல்லிக்கேணி. ஒருவரை ஒருவர் பார்த்ததில்லை. இவர் அப்போது பாஸ்டனில். உங்கள் சிவப்பு மாத்திரையின் இரண்டு முனையும் ஒரே பேட்டையைத் தொட்டுவிட்டுத்தான் போயிருக்கின்றன.

ஆராய்ச்சி மாணவி, கோவை: பெண் உயிர்வேதியியலாளர் யாரையாவது சொல்லுங்கள், மேடம். எப்போதும் ஆண்கள்தானா?

கமலா சோஹோனி. 1933-ல் பெங்களூர் இந்திய அறிவியல் கழகத்தில் இடம் கேட்டபோது, பெண் என்பதால் முதலில் மறுத்தவர் சர் சி.வி. ராமன். பிடிவாதமாக நின்றதும், ஒரு வருஷம் பார்க்கலாம் என்ற நிபந்தனையில் சேர்த்துக்கொண்டார். அந்த அவமானத்தைக் கமலா கடைசிவரை மறக்கவில்லை. பிறகு கேம்பிரிட்ஜில், செல்கள் மூச்சுவிட உதவும் சைட்டோகுரோம் சி என்ற புரதம் செடிகளின் திசுக்களிலும் இருப்பதைக் காட்டி 1939-ல் டாக்டர் பட்டம். ஆய்வேடு நாற்பது பக்கம்தான். உன் கைடிடம் இதைச் சொல்லிப் பார்.

திரும்பி வந்து குன்னூரில் இருந்த சத்துணவு ஆராய்ச்சிக் கூடத்தில் துணை இயக்குநராக இருந்தார். அந்தக் கூடம்தான் 1958-ல் ஹைதராபாத்துக்குப் போய் இன்றைய தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் ஆனது. பின்னாளில் பம்பாயில் நீரா பற்றி, நம்ம ஊர்ப் பதநீரின் உறவுக்காரன், வருஷக்கணக்கில் ஆராய்ந்தார். 'முதல் இந்தியப் பெண் டாக்டரேட்' என்று இவரைப் போட்டு ஒரு படம் சுற்றுகிறது. 1931-லேயே மிச்சிகனில் தாவரவியலாளர் ஜானகி அம்மாள் வாங்கிவிட்டார். முதல், இரண்டாவது என்ற ஓட்டப்பந்தயத்தை விட்டுவிட்டு இருவரையுமே படி.

லேப் டெக்னீஷியன் படிப்பவர், சேலம்: ஃபிஸ்கே–சுப்பாராவ் முறை இப்போதும் உண்டா? ஆஸ்பத்திரியில் நான் பார்க்கவில்லையே?

ஆஸ்பத்திரியில் ஆட்டோ அனலைசர் வந்துவிட்டது. அதிலும் மாலிப்டேட்தான், ஆனால் அன்சா கிடையாது, நீலம் வரும்வரை காத்திருப்பதும் கிடையாது. கண்ணுக்குத் தெரியாத புற ஊதா ஒளியில், 340 நானோமீட்டரில் படித்து எண்ணை அச்சடித்துவிடும். சிவப்பணு உடைந்த சாம்பிளைப் போட்டால் பொய் எண் வரும், அது மட்டும் அன்றும் இன்றும் ஒன்றே. ரத்தம் எடுக்கும்போது சிரிஞ்சைப் பலமாக இழுக்காதே.

நீல நிறம் இன்னும் கல்லூரி பிராக்டிகலில் மட்டும் மிச்சம். பழுப்புப் பாட்டிலில் அன்சா, மேலே ஒட்டிய சீட்டு. ஒரு வருஷம் வைவா என்ற வாய்மொழித் தேர்வில் ஒரு பையனிடம், "ஃபிஸ்கே யார், சுப்பாராவ் யார்?" என்று கேட்டேன். விழித்தான். அப்புறம் தைரியத்தை வரவழைத்துக்கொண்டு, "ஒரே ஆள்தான் மேடம். ஃபிஸ்கே அவர் வீட்டுப் பெயர். தெலுங்கில் வீட்டுப் பெயரை முன்னால் போடுவாங்க" என்றான். எக்ஸாமினர் முகத்தைத் திருப்பிக்கொண்டு சிரித்தார். அவன் டியூபை எடுத்துப் பார்த்தேன். பிளாங்க் தண்ணீர் மாதிரி, ஸ்டாண்டர்டும் சாம்பிளும் அளந்து வைத்த நீலம். முழு மார்க் போட்டேன்.